கிறிஸ்துமஸ் தீவு ஒன்றல்ல, இரண்டு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மாணவர் பக்கத்தில் நீங்கள் வெளியிடும் பொது அறிவு வினாக்களைக் காரைக்குடி, தேவகோட்டை, பள்ளத்தூர்ப் பக்கத்துப் பள்ளிகளில் வெட்டி நோட்டில் ஒட்டி வைக்கிறார்கள். வினாடி வினாப் போட்டிகளுக்குப் பாதிக் கேள்வி அதிலிருந்துதான் போகிறது. அதில் ஒரு பிசகு விழுந்தால் இரண்டு மூன்று வருஷம் ஊரைச் சுற்றி வரும். அண்மையில் வந்த சிறு தீவு நாடுகள் பற்றிய பகுதியில், விடையைவிடக் கேள்விகளே அரைகுறையாக இருக்கின்றன.

‘புத்தாண்டு முதலில் பிறக்கும் தீவு எது?’ என்பதற்கு ‘கிறிஸ்துமஸ் தீவு’ என்று விடை. சரிதான். ஆனால் பக்கத்தில் போட்ட வரைபடம் ஜாவாவுக்குத் தெற்கே இந்தியப் பெருங்கடலில் உள்ள தீவைக் காட்டுகிறது. அது வேறு தீவு, ஆஸ்திரேலியாவுக்குச் சொந்தமானது. 1643-ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் அன்று அந்த வழியாகப் போன ஆங்கிலேயக் கப்பல் தலைவர் வைத்த பெயர். ஆஸ்திரேலியா கைக்கு வந்தது 1958-இல்தான். அதற்கு முன் அதன் நிர்வாகம் சிங்கப்பூரில் இருந்தது. கடல் கடந்து வியாபாரத்துக்காகக் கொண்டுவிற்கப் போனவர்களின் பழைய சிங்கப்பூர்க் கணக்கேடுகளைப் பெட்டகத்தில் வைத்திருக்கும் வீடுகளுக்கு இது சுவையான செய்தியாக இருக்கும். அந்தத் தீவின் கடிகாரம் நமக்கு ஒன்றரை மணி நேரம் மட்டுமே முந்தியது. முதல் புத்தாண்டுக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை.

விடைக்குரிய தீவு பசிபிக் கடலில், கிரிபாஸ் நாட்டில் இருக்கிறது. அங்கே நமக்கு எட்டரை மணி நேரம் முன்னதாகவே நாள் பிறந்துவிடும். இங்கே டிசம்பர் 31 பிற்பகல் 3.30 ஆகும்போது அங்கே ஜனவரி 1. முன்பு அப்படி இல்லை. ஒரு நாள் முடிந்து மறுநாள் தொடங்கும் எல்லையான தேதிக்கோடு அந்த நாட்டை ஊடறுத்துச் சென்றதால், மேற்கே தலைநகர் தராவாவில் திங்கட்கிழமை என்றால் கிழக்குத் தீவுகளில் ஞாயிறு. இரு பக்கமும் சேர்ந்தாற்போல அலுவலகம் திறந்திருந்தது வாரத்தில் நான்கு நாள்தான். 1995 பிறக்கும்போது கிழக்குத் தீவுகள் ஒரு நாளைத் தாண்டிக் குதித்து மேற்கோடு சேர்ந்துகொண்டன. ஆகவே 1995-க்கு முன் அச்சான பொது அறிவு நூலைப் பார்த்து இந்தக் கேள்வியை எடுத்தால் கட்டாயம் தப்பும்.

நாட்டின் பெயரையும் ‘கிரிபாட்டி’ என்று போட்டிருந்தீர்கள். அந்த மொழியில் ‘ஸ்’ ஒலிக்குத் தனி எழுத்து கிடையாது. ரோமன் எழுத்தில் டி, ஐ இரண்டையும் சேர்த்து எழுதி ‘ஸ்’ என்று படிப்பார்கள். கல், பகல், தங்கம் மூன்றிலும் ஒரே ‘க’வை மூன்று விதமாக ஒலிக்கும் நமக்கு இது விளங்காத சங்கதி அல்ல. ‘கில்பர்ட்ஸ்’ என்ற பழைய ஆங்கிலப் பெயரே அவர்கள் வாயில் கிரிபாஸ் ஆயிற்று. அங்குள்ள கிறிஸ்துமஸ் தீவின் பெயரை எழுத்துக் கூட்டினால் ‘கிரிடிமாட்டி’ என்று வரும். ஒலித்துப் பார்த்தால் கிறிஸ்துமஸ்தான். இது தெரிந்திருந்தால் இரண்டு தீவும் குழம்பியிருக்காது.

தேதிக்கோட்டில் இன்னொரு நல்ல கேள்வி சமோவா. 2011-இல் அந்த நாட்டில் டிசம்பர் 30 என்ற நாளே இல்லை. வியாழனுக்கு மறுநாள் சனி. வியாபாரம் பெரும்பாலும் ஆஸ்திரேலியா, நியூசிலாந்தோடு என்றாகிவிட்டதால் அவர்களுடைய நாட்கணக்குக்கு மாறிக்கொண்டார்கள். 1892-இல் இதற்கு நேர் எதிராக, அமெரிக்க வியாபாரத்துக்காக ஜூலை 4-ஐ இரண்டு தடவை கொண்டாடியவர்களும் இவர்களே. பக்கத்திலுள்ள அமெரிக்க சமோவா மாறவில்லை. இரண்டுக்கும் இடையே முழுதாக 24 மணி நேரம். கடிகாரம் ஒன்று, காலண்டர் வேறு. ‘புத்தாண்டு கடைசியில் பிறக்கும் இடம்’ என்று கேட்டு அமெரிக்க சமோவாவை விடையாக எதிர்பார்த்தால் ‘மக்கள் வாழும்’ என்ற சொல் கட்டாயம் வேண்டும். அது இல்லையென்றால் ஆளில்லாத பேக்கர், ஹவ்லண்ட் தீவுகளைச் சொல்லும் மாணவருக்குத்தான் மதிப்பெண் தர வேண்டியிருக்கும்.

‘உலகின் மிகச் சிறிய நாடு’ என்பதும் அளவுகோல் இல்லாத கேள்வி. பரப்பில் என்றால் வாடிகன், அரைச் சதுர கிலோமீட்டர்கூட இல்லை. ஐ.நா. உறுப்பு நாடுகளில் என்றால் வாடிகன் விழுந்துவிடும், ஏனெனில் அது பார்வையாளர் மட்டுமே. விடை சுமார் 2 சதுர கிலோமீட்டர் உள்ள மொனாக்கோ. தீவு நாடு என்றால் நவுரு, 21 சதுர கிலோமீட்டர். அடுத்தது துவாலு, 26. எண்ணைச் சொன்னால் பிள்ளைகளுக்கு மனத்தில் நிற்காது. நவுருவைச் சுற்றி வரும் கடற்கரைச் சாலை காரைக்குடியிலிருந்து தேவகோட்டைக்குப் போகும் தூரம்தான் என்றால் நிற்கும். பத்துத் தீவுகள் கொண்ட காபோ வெர்டே, மொத்தமாகக் கூட்டினாலும் நம் சிவகங்கை மாவட்டத்தைவிடக் கொஞ்சம் சிறியது.

நவுருவின் தலைநகர் ‘யாரென்’ என்று அச்சிட்டிருக்கிறீர்கள். நவுருவுக்குச் சட்டப்படி தலைநகரே கிடையாது. நாடாளுமன்றமும் அரசு அலுவலகங்களும் யாரென் மாவட்டத்தில் இருக்கின்றன, அவ்வளவுதான். ‘தலைநகர் இல்லாத நாடு எது?’ என்று திருப்பிக் கேட்டால் அருமையான கேள்வி. அந்தத் தீவில் கேட்க வேண்டியது வேறு ஒன்றும் உண்டு: பாஸ்பேட். உர வியாபாரத்துக்காக நடுத்தீவை வெட்டி எடுத்ததில், மேல்மண் போய்ப் பல் பல்லாய் நிற்கும் சுண்ணாம்புப் பாறைத் தூண்கள்தான் மிச்சம். அதில் உழவும் முடியாது, வீடு கட்டவும் முடியாது. 1968-இல் விடுதலை பெற்றபின் சில காலம் செல்வச் செழிப்பு, பாஸ்பேட் தீர்ந்ததும் தட்டுப்பாடு. சுரண்டியதற்கு நஷ்டஈடு கேட்டு 1989-இல் ஆஸ்திரேலியாவைச் சர்வதேச நீதிமன்றத்துக்கே இழுத்தார்கள். 1993-இல் சமரசம் ஆனது.

எங்களுக்கு அதிகம் உறுத்தியது மொரீஷியஸ். ‘தமிழ் ஆட்சிமொழியாக உள்ள நாடுகள்: இலங்கை, சிங்கப்பூர், மொரீஷியஸ்’ என்று வந்திருக்கிறது. முதல் இரண்டும் சரி. மொரீஷியஸில் தமிழ் ஆட்சிமொழி அல்ல. அங்கே ரூபாய் நோட்டில் தமிழ் இருப்பதை வைத்து யாரோ கிளப்பிவிட்டது இது. நோட்டில் தொகை முதலில் ஆங்கிலத்தில், அடுத்து தமிழில், பிறகு இந்தியில் இருக்கும். 1998-இல் வந்த நோட்டுகளில் இந்தி மேலே ஏறித் தமிழ் கீழே போனது. அங்குள்ள தமிழர்கள் கிளர்ந்தெழ, அந்த நோட்டுகளையே திரும்பப் பெற்றுப் பழைய வரிசையில் புதிதாக அச்சடித்தார்கள். இவ்வளவு நல்ல உண்மை கையில் இருக்கும்போது இல்லாத பெருமை எதற்கு?

பெயர்க் குழப்பம் தனிக் கதை. டொமினிகா வேறு, டொமினிகன் குடியரசு வேறு; முன்னதின் தலைநகர் ரோசோ, பேச்சு ஆங்கிலம்; பின்னதற்குச் சாண்டோ டொமிங்கோ, ஸ்பானியம். பூமத்திய ரேகைக் கினியாவின் நிலத்தில் பூமத்திய ரேகை ஓர் அடிகூடப் படுவதில்லை. பெருநிலம் கோட்டுக்கு வடக்கே, அன்னோபோன் தீவு தெற்கே.

அடுத்த பகுதிக்கு ஒரு கேள்வி எங்கள் பங்குக்கு: கொடியில் ஜாதிக்காய் உள்ள நாடு? கிரெனடா. கொடிக்கம்பத்தை ஒட்டிய பச்சை முக்கோணத்துக்குள், பிளந்த தோலும் உள்ளே சிவந்த ஜாதிபத்திரியுமாக அந்தக் காய் இருக்கிறது. 2004-இல் வீசிய ஐவன் புயலில் அங்குள்ள ஜாதிக்காய் மரங்களில் பெரும்பகுதி சாய்ந்துவிட்டது. மரம் காய்ப்புக்கு வரப் பல வருஷம் ஆகும் என்பதால் அடி பலமாகவே விழுந்தது. செட்டிநாட்டு அஞ்சறைப் பெட்டியைத் திறக்கும் பிள்ளைக்கு இந்தக் கேள்வி மறக்காது.

கிறிஸ்துமஸ் தீவு, மொரீஷியஸ் இரண்டுக்கும் வருகிற வாரமே திருத்தம் போட்டுவிடுங்கள். அரையாண்டுத் தேர்வுக்கு முந்தைய போட்டிகளுக்குக் கேள்வித்தாள் தயாராகிக்கொண்டிருக்கிறது.

இப்படிக்கு,
பள்ளிகளுக்கு வினாடி வினாத் தயாரிப்போர் சிலர்,
காரைக்குடி