அந்த அணிக்கும் ஒரு பெயர் உண்டு

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில், விக்டோரியா காலத்து ஆங்கிலக் கால்பந்து ஆட்டக்காரர் கின்னார்டு பிரபுவைப் பற்றி வந்த கட்டுரையை இரண்டு முறை படித்தேன். முதல் முறை சந்தோஷமாகவே படித்தேன். இந்த மனிதரைப் பற்றித் தமிழில் யாராவது எழுத மாட்டார்களா என்று காத்திருந்தவன் நான். சிவந்த தாடி, நீள வெள்ளைக் கால்சட்டை, இங்கிலாந்தின் எஃப்.ஏ. கோப்பையில் ஒன்பது இறுதி ஆட்டங்கள், அதில் ஐந்து வெற்றி, 1882இல் ஜெயித்த கையோடு லண்டன் ஓவல் மைதானத்தில் தலைகீழாக நின்றது, எல்லாம் நன்றாக வந்திருந்தது. கடைசிப் பத்தியில்தான் அந்த வரி இருந்தது. "காசுக்காக அல்ல, விளையாட்டுக்காகவே விளையாடிய கனவான்கள் அவர்கள்; பிறகு கூலிக்கு ஆடுபவர்கள் வந்து அந்தத் தூய்மையைக் கெடுத்தார்கள்." இரண்டாம் முறை படித்தது இந்த ஒரு வரிக்காக. அன்று இரவு எனக்குச் சரியாகத் தூக்கம் வரவில்லை.

கின்னார்டு வங்கிக் குடும்பத்துப் பிள்ளை. ஈட்டன் என்ற பெரிய இடத்துப் பள்ளியில் படித்தவர், கேம்பிரிட்ஜ் போனவர். சனிக்கிழமை அவர் மைதானத்துக்குப் போனால் யாரும் அவர் சம்பளத்தைப் பிடிக்கப் போவதில்லை. கால் முறிந்து ஆறு மாதம் படுத்தாலும் வீட்டில் அடுப்பு எரியும். இது அவர் குற்றம் இல்லை. அவர் மேல் எனக்குப் பிரியம் உண்டு, முரட்டுத்தனமாகவும் முழு மனதோடும் ஆடியவர். ஆனால் அவருக்குக் காசு தேவைப்படவில்லை என்பதை ஒரு குணமாக எழுதி, தேவைப்பட்டவனை அழுக்கு என்று எழுதலாமா?

அவருடைய ஐந்து வெற்றிகளை எண்ணியிருக்கிறீர்கள். 1879ஆம் வருடத்து வெற்றி எப்படி வந்தது என்று ஒரு வார்த்தை இல்லை. காலிறுதியில், ஈட்டன் பழைய மாணவர்களின் அணியான கின்னார்டின் ஓல்ட் ஈட்டோனியன்ஸுக்கு எதிராக ஆடியது டார்வென். வட இங்கிலாந்தின் லங்காஷயரில் மில்கள் நிறைந்த ஊர். 5-1 என்று பின்தங்கியிருந்தவர்கள் கடைசி நேரத்தில் நான்கு கோல் போட்டு 5-5 ஆக்கினார்கள். கூடுதல் நேரம் ஆடலாம் என்றார்கள், கனவான்கள் மறுத்துவிட்டார்கள். மறு ஆட்டம் 2-2. மூன்றாவது ஆட்டத்தில் 6-2 என்று டார்வென் தோற்றது. மூன்றும் லண்டனில்தான். ஒவ்வொரு முறையும் முந்நூறு கிலோமீட்டருக்கு மேல் ரயில் பயணம். ஊர் மக்கள் வசூல் செய்து அனுப்பி வைத்தார்கள். அந்த நாட்களில் இவர்கள் தறியை யார் ஓட்டியிருப்பார்கள், கூலியை யார் கொடுத்திருப்பார்கள்? கட்டுரையாசிரியர் இதை யோசித்திருக்க வேண்டும்.

நான் யோசிப்பதற்குக் காரணம் இருக்கிறது. 1974இல் கோவையில் ஒரு மில்லில் ஸ்பின்னிங்கில் சேர்ந்தேன். சைடு பார்க்கிற வேலை, அதாவது நூற்பு இயந்திரத்தின் ஒரு பக்கத்தைக் கவனிப்பது. மில் அணிக்கு லெஃப்ட் பேக் ஆடினேன். எனக்குக் கிடைத்த பூட்ஸ் ஒரு சைஸ் பெரியது. முனையில் கழிவுப் பஞ்சைத் திணித்துக் கயிற்றை இறுக்கிக் கட்டிக்கொள்வேன். மழை பெய்தால் பஞ்சு ஊறிக் கால் கனத்துவிடும். இடைவேளையில் பிழிந்து மறுபடி திணிப்பேன். சங்கு ஊதும் முன்பே கிளம்பினால்தான் ஆட்டத்துக்குப் போக முடியும், போனால் அரை நாள் சம்பளம் பிடித்தம். 1981இல் ஒரு போட்டியில் ஜெயித்தோம். பரிசு கொடுக்க வந்த பெரிய மனிதர் மேடையில் சொன்னார்: "இந்தப் பையன்கள் காசுக்கு ஆடுகிறவர்கள் இல்லை, உண்மையான விளையாட்டு வீரர்கள்." எல்லோரும் கை தட்டினார்கள், நானும் தட்டினேன். ஆளுக்கொரு எவர்சில்வர் டம்ளர் கொடுத்தார்கள். அந்த வாரச் சம்பளக் கவரில் பிடித்தம் இருந்தது. இரண்டு வருடம் கழித்து முழங்கால் திருகிப் பதினேழு நாள் வேலைக்குப் போகவில்லை. மனைவியின் தோடு அடகுக்குப் போனது. மைதானத்துக்கு நான் மறுபடி போகவில்லை. ஆகவே உங்கள் கட்டுரையில் இருந்த வரியை நான் ஏற்கெனவே கேட்டிருக்கிறேன் ஐயா. அதற்கு என்ன விலை கொடுத்தோம் என்று எங்கள் வீட்டுக்குத் தெரியும்.

'அமெச்சூர்', அதாவது காசு வாங்காமல் ஆடுபவன், என்ற சொல் அந்தக் காலத்தில் எப்படிப் புழங்கியது என்று உங்களுக்கு நான் சொல்லித் தர வேண்டியதில்லை. இங்கிலாந்தின் ஹென்லி படகுப் போட்டியில் 1879இல் எழுதிய விதிப்படி, கூலிக்கு வேலை செய்யும் தொழிலாளியோ கைவினைஞனோ அமெச்சூராகவே முடியாது. துடுப்புப் போட ஒரு காசு வாங்காதவனாக இருந்தாலும் முடியாது. கிரிக்கெட்டில் கனவான்களுக்கு ஒரு பெயர், சம்பளக்காரர்களுக்கு ஒரு பெயர் என்ற பாகுபாடு 1962 வரை இருந்தது. கால்பந்து அந்த அளவுக்குப் போகவில்லை. 1884இல் பிரெஸ்டன் அணி மேல் லண்டனின் அப்டன் பார்க் அணி புகார் கொடுத்தபோது, ஆட்டக்காரர்களுக்குப் பணம் கொடுப்பதை பிரெஸ்டனின் நிர்வாகி சடெல் மறைக்காமல் ஒப்புக்கொண்டார். அணியைப் போட்டியிலிருந்து நீக்கினார்கள். அடுத்த வருடம், 1885 ஜூலையில், சம்பளம் வாங்கி ஆடலாம் என்று இங்கிலாந்துக் கால்பந்துச் சங்கமான எஃப்.ஏ.வே சட்டம் மாற்றியது. அந்த மாற்றத்தை ஆதரித்தவர்களில் முக்கியமானவர் எஃப்.ஏ.வின் செயலாளர் சார்லஸ் ஆல்காக், ஈட்டனைப் போன்ற ஹாரோ பள்ளியில் படித்தவர், அவரும் அமெச்சூர்தான். அவர் கண்ணுக்கே அழுக்காகத் தெரியாதது உங்கள் கட்டுரைக்குத் தெரிந்திருக்கிறது.

இது முதல் முறையும் இல்லை. முன்பொரு இதழில், 1950 உலகக் கோப்பைக்கு இந்திய அணி போகாததற்கு நம் ஆட்டக்காரர்கள் வெறுங்காலோடுதான் ஆடுவோம் என்றதுதான் காரணம் என்று எழுதினீர்கள். நம் கால்பந்து சம்மேளனம் அன்று சொன்ன காரணம் பயிற்சிக்கு நேரம் போதாது, அணித் தேர்வில் கருத்து வேறுபாடு என்பது. மேலே உட்கார்ந்திருந்தவர்களின் முடிவை ஆட்டக்காரனின் காலில் கொண்டுபோய் வைத்தீர்கள். பதில் அட்டை வைத்துக் கடிதம் அனுப்பினேன். அட்டை திரும்பவில்லை.

ஆண்ட்ரூ வாட்சன் விஷயமும் அப்படியே. விக்டோரியா காலத்துக் கறுப்பின ஆட்டக்காரர்களைப் பற்றிய பெட்டிச் செய்தியில் ஆர்தர் வார்ட்டனைத்தான் முதல்வர் என்றீர்கள். தென் அமெரிக்காவின் டெமராராவில் பிறந்த வாட்சன், ஸ்காட்லாந்தின் குவீன்ஸ் பார்க் கிளப்பின் தடுப்பாட்டக்காரர், 1881 மார்ச் 12 அன்று ஓவலில் ஸ்காட்லாந்து அணிக்குத் தலைவராக இறங்கி இங்கிலாந்தை 6-1 என்று ஜெயித்தவர். இங்கிலாந்து தன் மண்ணில் இதைவிடப் பெரிய தோல்வியைக் கண்டதில்லை. உங்கள் கணக்குப்படி அவரும் காசு வாங்காத கனவான்தான், ஆனாலும் அவருக்கு இடம் இல்லை. மைய நூலகத்திலும் மகளின் லேப்டாப்பிலும் இருபது வருடம் தேடி இந்த மனிதர்களை நான் தெரிந்துகொண்டேன். உங்கள் அலுவலகத்தில் எனக்குத் தெரிந்ததைவிட அதிகம் தெரிந்தவர்கள் இருப்பார்கள் என்று நம்பித்தான் இதழ் வாங்குகிறேன்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். 1883 மார்ச் 31 இறுதி ஆட்டத்தைப் பற்றி, "பெயர் தெரியாத ஒரு வடக்கத்தி அணியிடம் கின்னார்டின் அணி தோற்றது" என்று எழுதியிருக்கிறீர்கள். எல்லாவற்றையும் விட இதுதான் என்னை வருத்தியது. அந்த அணியின் பெயர் பிளாக்பர்ன் ஒலிம்பிக். அதில் நெசவாளிகள் இருந்தார்கள், குழாய் வேலைக்காரர் இருந்தார், இரும்பு வார்ப்பாலைத் தொழிலாளி இருந்தார். ஊரில் இரும்பு வார்ப்பாலை வைத்திருந்த ஒருவர் செலவை ஏற்க, ஆட்டத்துக்கு முன் பிளாக்பூலில் தங்கிப் பயிற்சி எடுத்தார்கள். முதல் கோல் ஈட்டன் அணி போட்டது. ஒலிம்பிக் சமன் செய்தது. ஈட்டன் அணியில் ஒருவர் அடிபட்டு வெளியேற, மாற்று ஆள் இறக்கும் வழக்கம் இல்லாததால் பத்துப் பேரோடு ஆட நேர்ந்தது, அதையும் நான் மறைக்கவில்லை. கூடுதல் நேரத்தில் ஜிம்மி காஸ்ட்லி வெற்றி கோலைப் போட்டார். 2-1. அவர் ஒரு மில்லில் நூல் நூற்றவர். அதன் பிறகு எந்த அமெச்சூர் அணியும் அந்தக் கோப்பையை வென்றதில்லை. ஆறே வருடத்தில், 1889இல், அந்தக் கிளப்பை மூடிவிட்டார்கள், பணம் இல்லை.

நான் கேட்பது பெரிதாக ஒன்றும் இல்லை. அடுத்த இதழில், பக்கத்தின் ஓரத்திலாவது, ஒரு திருத்தம் போடுங்கள். பதினொரு ஆட்டக்காரர்களின் பெயர்களையும் தனித்தாளில் எழுதி இத்துடன் வைத்திருக்கிறேன். இடம் போதவில்லை என்றால் அணியின் பெயரும் காஸ்ட்லியின் பெயரும் போதும். இந்த முறையும் பதில் அட்டை வைத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற மில் தொழிலாளி,
கோவை