ரோஸ்வீட்டா: பிறக்கப்போகும் பேத்தியின் பெயர் குறித்து மகளுக்கு ஒரு கடிதம்

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே அனைவரும் நலம். உன் உடம்பையும் குழந்தையின் அசைவையும் பற்றி அம்மா தினமும் கேட்டு எனக்கும் சொல்லிவிடுகிறாள். ஆகவே அந்த விசாரிப்பை அவளிடமே விட்டுவிட்டு நான் வேறொரு விஷயத்துக்கு வருகிறேன்.

பிறப்பது பெண்ணாக இருந்தால் சம்பந்தி அம்மாவின் பெயரை இரண்டாம் பெயராக வைக்க வேண்டும் என்று மாப்பிள்ளை ஆசைப்படுவதாகவும், உனக்கு அது அரைமனதாகவே இருப்பதாகவும் சொன்னாய். ரோஸ்வீட்டா என்றாலே அந்த ஊரில் எழுபது வயதுப் பாட்டிதான் நினைவுக்கு வருவார் என்று உன்னோடு வேலை செய்கிறவர்கள் சிரித்தார்களாம். பொருளாவது என்னவென்று கேட்டால், ஒருவர் வெள்ளை ரோஜா என்கிறார், ஒருவர் வலிய புகழ் என்கிறார், இன்னொருவர் உரத்த குரல் என்கிறார் என்று சலித்துக்கொண்டாய். இதைத் தொலைபேசியில் விளக்கப் புகுந்தால் பாதியில் அம்மா வாங்கிக்கொண்டு சாப்பிட்டாயா என்று கேட்பாள், அதனால்தான் எழுதுகிறேன். ஓய்வுபெற்ற கணக்கு வாத்தியாருக்கு ஜெர்மானியப் பெயர்களில் என்ன வேலை என்று உனக்குத் தோன்றலாம். கொஞ்சம் பொறுத்துப் படித்தால் கணக்கும் வரும்.

வெள்ளை ரோஜாவை முதலிலேயே தள்ளிவிடலாம். வடஜெர்மனியின் பேச்சுமொழியில் 'விட்' என்றால் வெள்ளை. பெயரின் முன்பாதி ரோஜாவைப் போல ஒலிக்கிறது. இரண்டையும் சேர்த்துப் பிற்காலத்தவர் பூவாக்கிவிட்டார்கள். அழகான கற்பனைதான், ஆனால் பெயரின் பிறப்போடு அதற்கு உறவு கிடையாது. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் சாக்சனி நாட்டில் இந்தப் பெயர் ஹ்ரோட்ஸ்வித் என்று வழங்கியது. பழைய ஜெர்மானியப் பெயர்களில் பெரும்பாலானவை இரண்டு சொற்களை ஒட்டவைத்து ஆக்கப்பட்டவை. இதில் முன்சொல்லுக்குப் புகழ் என்று பொருள்; ருடால்ஃப், ராபர்ட், ரோஜர் ஆகிய பெயர்களின் தொடக்கத்தில் இருப்பதும் அதே சொல்தான். பின்சொல்லுக்கு வலிமை என்று பொருள். இத்தாலியை ஆண்ட கிழக்குக் கோத்தியர்களின் அரசி அமலஸ்விந்தாவின் பெயரில் அந்தச் சொல் இருக்கிறது. விரைவைக் குறிக்க அங்கே 'கெஷ்விண்ட்' என்று ஒரு சொல் சொல்வார்களே, அதுவும் அந்த வேரிலிருந்து வந்ததுதான்.

இப்படி இரண்டு சொற்களைச் சேர்க்கும்போது, அவை சேர்ந்து ஒரு தொடராகப் பொருள்தர வேண்டும் என்று அந்த மக்கள் கட்டாயப்படுத்திக்கொள்ளவில்லை. தந்தையின் பெயரிலிருந்து ஒரு பாதி, தாயின் பெயரிலிருந்தோ பாட்டனின் பெயரிலிருந்தோ மறுபாதி என்று எடுத்துக் குழந்தைக்குப் பெயர் அமைப்பதும் அவர்களிடம் வழக்கமாக இருந்தது. பெயரைக் கேட்டாலே இன்ன குடும்பத்துப் பிள்ளை என்று தெரிந்துவிடும். ஆகையால் 'வலிய புகழ்' என்ற விளக்கம் சொல்லளவில் சரி. அதற்கு மேல் அதில் தத்துவம் எதையும் தேட வேண்டியதில்லை.

மூன்றாவது விளக்கமான 'உரத்த குரல்' எங்கிருந்து வந்தது என்பதுதான் சுவையான பகுதி. அது அகராதிக்காரர் யாரும் சொன்னதன்று. அந்தப் பெயரைச் சுமந்த ஒரு பெண்மணி, தன் பெயரைத் தானே லத்தீனில் பெயர்த்து, 'கிளாமோர் வாலிடுஸ் கண்டெஸ்ஹெமென்சிஸ்', அதாவது 'கண்டர்ஸ்ஹைமின் உரத்த குரலாகிய நான்' என்று தன் நாடகத் தொகுப்பின் முன்னுரையில் எழுதிவைத்தார். முன்சொல்லை அவர் புகழ் என்று கொள்ளாமல் முழக்கம் என்று கொண்டிருக்கிறார். மொழி அறிஞர்கள் அவருடைய இலக்கணத்தைத் திருத்தலாம். என்னைக் கேட்டால், தன் பெயருக்கு உரை எழுதும் உரிமை அதை உடையவருக்கு உண்டு என்றுதான் சொல்வேன்.

அவர் ஏறத்தாழ 935இல் பிறந்து 973க்குப் பிறகு மறைந்தவர். வாழ்ந்த இடமான கண்டர்ஸ்ஹைம், நீங்கள் இருக்கும் ஹானோவருக்குத் தெற்கே, ஹார்ட்ஸ் மலைக்கு மேற்கே இருக்கிறது. இப்போது பாட் கண்டர்ஸ்ஹைம் என்று பெயர். சாக்சனிப் பிரபு லியுடால்ஃபும் அவர் மனைவி ஓடாவும் 852இல் பெண்களுக்காக நிறுவிய மடம் அது. அவர்களுடைய கொள்ளுப்பேரன்தான் 962இல் ரோமில் பேரரசராக முடிசூடிய முதலாம் ஓட்டோ. அந்த மடத்துப் பெண்களில் பலர் முழுத்துறவு பூண்டவர்கள் அல்லர்: பிரபு குடும்பத்தில் பிறந்து, சொந்தச் சொத்தை வைத்துக்கொண்டு, வழிபாட்டிலும் படிப்பிலும் காலம் கழித்தவர்கள்; வேண்டுமானால் வெளியேறித் திருமணமும் செய்துகொள்ளலாம். மடத்தின் தலைவியாக இருந்த கெர்பெர்கா, ஓட்டோவின் தம்பி மகள். அவர் தன்னைவிட வயதில் இளையவர் என்றாலும் கல்வியில் மூத்தவர் என்று ஹ்ரோட்ஸ்வித்தே எழுதியிருக்கிறார். ஒரு மாணவி தன் ஆசிரியரை இத்தனை நேர்மையாகக் குறிப்பிட்டதைப் படித்தபோது எனக்குச் சற்றுப் பொறாமையாகவே இருந்தது.

அங்கே இருந்துகொண்டு அவர் எட்டுப் புனிதர் கதைகளைச் செய்யுளாக்கினார். ஓட்டோவின் வரலாற்றையும் தம் மடத்தின் தோற்றத்தையும் காவியமாகப் பாடினார். சாத்தானுக்குத் தன்னை எழுதிக்கொடுத்துவிட்டுப் பின்பு மனம் வருந்திய தியோபிலஸின் கதை அந்த எட்டில் ஒன்று. சாத்தானோடு ஒப்பந்தம் செய்துகொண்ட அறிஞனைப் பற்றிய புகழ்பெற்ற ஜெர்மானிய ஃபவுஸ்ட் கதைக்குப் பல நூற்றாண்டுகள் முந்தியது. இவையெல்லாம் இருக்க, அவரை உலகம் நினைவில் வைத்திருப்பது ஆறு நாடகங்களுக்காக. பண்டைய ரோம் மறைந்தபின் மேற்கு ஐரோப்பாவில் நாடகம் எழுதியவர்களில் நமக்குப் பெயர் தெரிந்த முதல் ஆள் அவர்தான். ரோமானிய நாடகாசிரியர் டெரன்சின் நடையழகுக்காகக் கிறித்தவர்கள் அவரைப் படிக்கிறார்கள், படிக்கும்போது அதிலுள்ள கெட்ட நடத்தையும் மனத்தில் ஒட்டிக்கொள்கிறது, ஆகவே அதே வடிவத்தில் கற்புடைய பெண்களின் உறுதியைப் பாடுகிறேன் என்று முன்னுரையில் காரணம் சொல்கிறார். பெண்ணின் சிற்றறிவு என்று அடிக்கடி தன்னைத் தாழ்த்திக்கொள்கிறார். அதை நான் நம்பவில்லை. உரத்த குரல் என்று கையெழுத்திடுகிறவருக்கு அவையடக்கம் ஒரு மரபு, அவ்வளவுதான்.

அவர் நகைச்சுவை எப்படிப்பட்டது என்பதற்கு 'டுல்சிடியஸ்' நாடகத்தைச் சொல்ல வேண்டும். டுல்சிடியஸ் என்ற ஆளுநர், சிறைப்பட்ட மூன்று கிறித்தவச் சகோதரிகளின்மேல் ஆசைகொண்டு, அவர்களைச் சமையலறைக்கு அடுத்த அறையில் பூட்டிவைக்கிறான். இரவில் அவர்களைத் தேடி வருகிறவனுக்குப் புத்தி பேதலித்து, சமையலறைக்குள் புகுந்து, பானைகளையும் சட்டிகளையும் வாணலிகளையும் பெண்கள் என்றெண்ணிக் கட்டித் தழுவி முத்தமிடுகிறான். மூன்று பெண்களும் சுவர் இடுக்கு வழியாகப் பார்த்து, ஒருத்திக்கு ஒருத்தி வர்ணித்துச் சிரிக்கிறார்கள். முகமெல்லாம் கரிபூசி வெளியே வந்தவனைப் பேய் என்று நினைத்து அவனுடைய படைவீரர்களே ஓட்டம் பிடிக்கிறார்கள். பத்தாம் நூற்றாண்டு மடத்தில் ஒரு பெண் எழுதிய காட்சி இது என்பதை நினைத்துப் பார்.

இப்போது நான் சொன்ன கணக்குக்கு வருகிறேன். 'சபியென்சியா' என்ற நாடகத்தில், அறிவு என்ற பெயருடைய தாய் ஒருத்தி, விசுவாசம், நம்பிக்கை, அன்பு என்று பெயர்கொண்ட தன் மூன்று மகள்களோடு ரோமப் பேரரசன் ஹேட்ரியன்முன் நிறுத்தப்படுகிறாள். குழந்தைகளுக்கு என்ன வயது என்று அவன் கேட்கிறான். மகள்களைப் பார்த்து, இந்த அறிவிலியைக் கணக்கால் கொஞ்சம் களைக்க வைக்கட்டுமா என்று கேட்டுவிட்டு, தாய் பதில் சொல்லத் தொடங்குகிறாள். அன்பின் வயது ஒரு குறைவெண், அதைப் பாதி பாதியாக வகுத்துக்கொண்டே போனால் ஒன்றுவரை போகும். நம்பிக்கையின் வயதும் குறைவெண்தான், ஆனால் ஒருமுறை பாதியாக்கினால் ஒற்றைப்படையில் நின்றுவிடும். விசுவாசத்தின் வயதோ மிகையெண். அரசனுக்கு ஒன்றும் புரியவில்லை. நீ பத்தாம் வகுப்பில் படித்ததை வைத்தே போட்டுப் பார்க்கலாம். எட்டின் காரணிகளில் எட்டை விட்டு மற்றவற்றைக் கூட்டினால் 1, 2, 4 சேர்ந்து ஏழு, எட்டைவிடக் குறைவு. பத்துக்கு 1, 2, 5 சேர்ந்து எட்டு, அதுவும் குறைவு. பன்னிரண்டுக்கு 1, 2, 3, 4, 6 சேர்ந்து பதினாறு; மிகை. ஆக, பிள்ளைகளின் வயது எட்டு, பத்து, பன்னிரண்டு. அதோடு விடாமல், காரணிகளின் கூட்டுத்தொகை எண்ணுக்கே சமமாக வரும் நிறைவெண்களையும் அந்தத் தாய் அடுக்குகிறாள்: 6, 28, 496, 8128. அக்காலத்து ஐரோப்பாவில் தெரிந்திருந்த நிறைவெண்கள் அந்த நான்கும்தான். ரோமானிய அறிஞர் போயத்தியஸ் எழுதிய எண்கணித நூலை மடத்தில் பாடமாகப் படித்தவர் அதை நாடகத்தில் இறக்கியிருக்கிறார். முடிவில் மூன்று குழந்தைகளும் கொல்லப்படுகிறார்கள். அந்தப் பகுதியை உன் இப்போதைய நிலையில் நீ படிக்க வேண்டாம். ஆனால் அதிகாரத்தின் முன்னால் நிற்கும் ஒரு தாய் எண்கணிதத்தை எடுத்து வீசுகிறாளே, முப்பது வருடத்துக்கு மேல் கரும்பலகை முன் நின்றவனுக்கு அது எப்படி இருக்கும் என்று உனக்குத் தெரியும்.

அவருக்குப்பின் அவருடைய எழுத்து பெரும்பாலும் மறக்கப்பட்டது. 1490களில் கொன்ராட் செல்டிஸ் என்ற அறிஞர் ரீகன்ஸ்புர்கின் புனித எம்மெராம் மடத்து நூலகத்தில் அந்தக் கையெழுத்துப் படியைக் கண்டெடுத்து, 1501இல் நியூரம்பர்கில் அச்சிட்டார். அந்தப் பதிப்பில் ஹ்ரோட்ஸ்வித் மண்டியிட்டுப் பேரரசரிடம் தன் நூலை அளிக்கும் மரச்செதுக்குப் படத்தை ஜெர்மானிய ஓவியர் ஆல்பிரெக்ட் டியூரருடையது என்பார்கள். மூலப்படி இன்று மியூனிக் நகரில் பவேரிய அரசு நூலகத்தில் இருக்கிறது. இத்தனைக்குப் பிறகும், 1867இல் அஷ்பாக் என்ற வரலாற்றுப் பேராசிரியர், பத்தாம் நூற்றாண்டுப் பெண் ஒருத்தி இப்படி எழுதியிருக்க முடியாது, எல்லாம் செல்டிஸும் அவர் நண்பர்களும் செய்த போலி என்று ஒரு நூலே எழுதினார். படியின் எழுத்தமைதியையும் காலத்தையும் ஆராய்ந்தவர்கள் அதை மறுத்துவிட்டார்கள். 1914இல் அவருடைய நாடகம் ஒன்று லண்டனில் மேடையேறியது. புகழ்பெற்ற நடிகை எல்லன் டெர்ரி அதில் நடித்தார்.

பெயருக்குத் திரும்புகிறேன். ஹ்ரோட்ஸ்வித் என்ற பழைய வடிவத்தை வாயில் நுழையும்படி மாற்றியதுதான் ரோஸ்வீட்டா. அவருடைய நூல்களால்தான் அந்தப் பெயர் அழியாமல் நின்று, பத்தொன்பதாம் நூற்றாண்டில் பழம்பெருமையில் ஜெர்மானியர்களுக்கு ஆர்வம் மிகுந்தபோது மீண்டும் புழக்கத்துக்கு வந்தது. ஜெர்மானிய எழுத்தாளர் ஃபொண்டானேயின் 'எஃபி பிரீஸ்ட்' நாவலில், உலகமே கைவிட்ட நாயகியைக் கடைசிவரை விடாமல் பார்த்துக்கொள்ளும் பணிப்பெண்ணுக்கு இந்தப் பெயர்தான். 1930களிலிருந்து 1950கள் வரை நிறையப் பெண் குழந்தைகளுக்கு வைத்தார்கள். சம்பந்தி அம்மாவும் அந்தத் தலைமுறை. பிறகு அலை ஓய்ந்துவிட்டது. இப்போது பிறக்கும் குழந்தைகளுக்கு அரிதாகவே வைக்கிறார்கள். உன் நண்பர்கள் சிரித்தது அந்த முப்பது வருடத்தை மட்டும் பார்த்து. மீதி ஆயிரம் வருடத்தை அவர்களுக்கு நீ சொல்லலாம்.

என் கருத்தைக் கேட்டதால் சொல்கிறேன்: வை. பழமை வேண்டும் என்று ஹ்ரோட்ஸ்வித் என்ற வடிவத்துக்குப் போக வேண்டாம். பள்ளியில் ஒவ்வோர் ஆசிரியரும் அந்தப் பிள்ளையிடம் எழுத்துக்கூட்டிக் கேட்பார்கள். சம்பந்தி அம்மா எப்படி எழுதுகிறாரோ அப்படியே எழுதுங்கள். பாட்டியின் பெயரைப் பேத்திக்கு வைப்பது நமக்குப் புதிதா என்ன? உனக்கே என் அம்மாவின் பெயரைத்தானே வைத்தோம். பள்ளிக்கூடத்தில் அது பழைய பெயர் என்று நீ அழுததும் எனக்கு நினைவிருக்கிறது. முதல் பெயரைத் தமிழில் தேர்ந்தெடுக்கும் பொறுப்பை மாப்பிள்ளை உனக்கே விட்டிருக்கிறார் என்கிறபோது, இரண்டாம் பெயரில் அவருடைய வீட்டுக்கு இடம் கொடுப்பது நியாயமும்கூட.

உச்சரிப்பைப் பற்றிக் கவலைப்படாதே. நம் உறவினர்கள் எழுத்தைப் பார்த்து ரோஸ்விதா என்றுதான் படிப்பார்கள். கவிதா, சவிதா வரிசையில் இதையும் சேர்த்து, நல்ல பெயர்தான் என்று சொல்லிவிட்டுப் போவார்கள். அம்மாவுக்கு மட்டும் ஒரு கேள்வி இருக்கிறது, நட்சத்திர எழுத்து பொருந்துமா என்று. சுவாதிக்கு 'ரோ' உண்டு என்று சொல்லியிருக்கிறேன். அதிலிருந்து, குழந்தை சுவாதியில் பிறக்க வாய்ப்பிருக்கிறதா என்று நாள்காட்டியைப் புரட்டிக்கொண்டிருக்கிறாள். மருத்துவர் சொன்ன தேதியை மறுபடியும் கேட்டு உனக்குத் தொலைபேசி வரும். பொறுமையாகப் பதில் சொல்.

கோடையில் கண்டர்ஸ்ஹைமின் பழைய மடாலயத் தேவாலயத்தின் முன்னால் திறந்தவெளியில் நாடக விழா நடக்கும் என்றும், சிறந்த நடிகைக்கு ரோஸ்வீட்டா பெயரால் மோதிரம் தருவார்கள் என்றும் படித்தேன். நாங்கள் குழந்தையைப் பார்க்க வரும்போது விழா நடந்துகொண்டிருந்தால், ஒருநாள் சம்பந்தி அம்மாவையும் அழைத்துக்கொண்டு போய் வரலாமா என்று மாப்பிள்ளையிடம் கேட்டுச் சொல். அவர்கள் எல்லோருக்கும் எங்கள் வணக்கம்.

இப்படிக்கு,
அன்புடன் அப்பா