சேகருக்கு, அந்தக் கேசட்டுப் பெட்டி குறித்து

அன்புள்ள சேகர்,

தீபாவளிக்கு எழுத நினைத்த கடிதம் கார்த்திகையையும் தாண்டிவிட்டது. திட்டுவதை நேரில் வைத்துக்கொள். இங்கே எல்லோரும் நலம். கண் அறுவை சிகிச்சைக்குப் பிறகு அம்மாவுக்கு என் கையெழுத்தைக் குறை சொல்லும் அளவுக்குப் பார்வை தெளிந்திருக்கிறது.

நீ உன் வீடியோ கேசட்டுகளைப் பழைய சாமான்காரரிடம் போடப்போவதாக மோகன் சொன்னான். மேடையில் செய்தது அன்றோடு முடிந்தது, நாடாவில் இருப்பது வெறும் பூசணம் என்று வசனமும் பேசினாயாம். வசனம் உனக்கு எப்போதுமே நன்றாக வரும், அந்தத் தஞ்சாவூர் இரவில் மின்சாரம் போனபோதுகூட வந்தது. ஆனால் இந்த விஷயத்தில் உனக்கு எதிராக ஒரு சாட்சி வைத்திருக்கிறேன்: வீடியோவையும் மேடை நிகழ்வையும் கலந்து கலை செய்யும் அமெரிக்கக் கலைஞர் ஜோன் ஜோனாஸ்.

1936இல் நியூயார்க்கில் பிறந்து சிற்பம் பயின்ற அந்த அம்மையார், 1970இல் ஜப்பானுக்குப் போய், முகமூடி அணிந்து ஆடும் அந்நாட்டு மரபு நாடகமான நோ நாடகங்களைப் பார்த்தார். அந்தப் பயணத்திலேயே கையோடு தூக்கிச் செல்லக்கூடிய சோனி போர்ட்டபேக் வீடியோ கேமராவையும் வாங்கினார். 1972இல் அவர் செய்த ‘வெர்ட்டிகல் ரோல்’ சுமார் இருபது நிமிடம் ஓடும். உன் வீட்டு டி.வி.யில் படம் உருண்டு உருண்டு ஓடும்போது உன் அப்பா திருகைத் திருகிச் சபிப்பாரே, அதே கோளாறுதான் அந்தப் படைப்பின் முழு ஆதாரம். உருளும் திரையை இன்னொரு கேமராவால் படம்பிடித்து, கறுப்புப் பட்டை கீழே வந்து விழும் ஒவ்வொரு முறையும் கரண்டியால் தட்டுவது போன்ற ஓசையைச் சேர்த்திருக்கிறார். ஓரிடத்தில் அந்தப் பட்டையையே அவர் கால்கள் தாண்டிக் குதிப்பதுபோலத் தெரிகிறது. கடைசியில் அவர் முகம் உருளாமல், திரைக்கு முன்னால் வந்து நிற்கிறது. பார்த்தபோது எனக்குத் தலை வலித்தது, ஆனாலும் நிறுத்த மனம் வரவில்லை.

அதே ஆண்டு ‘டிலே டிலே’ என்ற நிகழ்வில், பார்வையாளர்களைக் கூரைமீது நிறுத்திவிட்டுத் தூரத்து வெற்றுமனைகளில் ஆட்களை மரக்கட்டைகளைத் தட்ட வைத்தார். கட்டைகள் மோதுவது கண்ணுக்கு முதலில் தெரியும், ஓசை பிறகுதான் வந்து சேரும். இதைச் செய்வதற்குப் பெரிய பணம் எதற்கு, சொல்.

அவருக்கு நியூயார்க் இருந்தது, நமக்கு என்ன இருக்கிறது என்று நீ கேட்பாய். நியாயமான கேள்விதான், அதற்கு என்னிடம் முழுப் பதில் இல்லை. ஆனால் நியூயார்க்கும் அவரை உடனே தூக்கிவைத்துக் கொண்டாடிவிடவில்லை. வெனிஸ் பியன்னாலே என்ற உலகக் கலைக் கண்காட்சியில் அமெரிக்க அரங்கு 2015இல் அவர் கைக்கு வந்தபோது அவருக்கு 78 வயது. ஜப்பானின் கியோட்டோ பரிசு 2018இல். நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகமான மோமாவில் பெரிய கண்காட்சி 2024இல், 87 வயதில். இடைப்பட்ட பல பத்தாண்டுகளில் அவர் தம் பழைய நிகழ்வுகளைத் தூக்கி எறியவில்லை. 1994இல் ஆம்ஸ்டர்டாமின் ஸ்டெடெலிக் அருங்காட்சியகம் அவருடைய படைப்புகளைத் திரட்டிக் காட்ட முன்வந்தபோது, பழைய நாடா, முகமூடி, ஓவியம், மேடைப் பொருள் எல்லாவற்றையும் ஓர் அறைக்குள் அடுக்கி, நிகழ்ந்து முடிந்த ஒன்றைப் பார்வையாளர் நடந்து பார்க்கும் நிறுவற்கலையாக மாற்றினார். பெட்டியைக் குப்பையில் போட்டிருந்தால் அந்த அறையில் எதை வைத்திருப்பார்?

சேகர், கேலி போதும். உன் கேசட்டில் இருக்கும் அந்த மணல் நிகழ்வில் நம் வாத்தியார் நின்றிருக்கிறார். அவர் நடந்து பேசுவது வேறு எங்கும் பதிவாகவில்லை என்று உனக்கும் தெரியும்.

எனவே இப்போதைக்கு எதையும் பிளேயரில் போட்டுப் பார்க்காதே, பூசணம் பிடித்த நாடா ஓடும்போது பிளேயரின் தலையையும் கெடுத்து, அடுத்த கேசட்டுக்கும் ஒட்டிக்கொள்ளும். பெட்டியை ஈரமில்லாத இடத்தில், கேசட்டுகளை நிமிர்த்தி வை. தை பிறந்ததும் நான் வருகிறேன், கணினியில் ஏற்றித் தரும் ஆளையும் மோகன் பார்த்து வைத்திருக்கிறான். செலவைப் பிறகு சண்டை போட்டுக்கொள்வோம். பழைய சாமான்காரரை மட்டும் இந்த வாரம் வாசலிலேயே திருப்பி அனுப்பிவிடு.

அன்புடன்,
ராமு