நவீனம் யார்டுக்கும் வரட்டும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ரயில் நிலையங்களை மேம்படுத்தும் அம்ரித் பாரத் திட்டத்தில் காரைக்குடி சந்திப்பும் இடம்பெற்றிருப்பதில் செட்டிநாட்டு மக்கள் எல்லோரையும் போல எனக்கும் மகிழ்ச்சியே. ஆனால், நிலைய மேம்பாடு குறித்த பேச்செல்லாம் முகப்பு, நடைமேடை, லிஃப்ட் என்பதோடு நின்றுவிடுகிறது. ரயில்களைப் பிரித்துச் சேர்த்து நிறுத்தும் தடப்பகுதியான யார்டில் பாடுபடும் தொழிலாளர்களைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை என்பது எனக்குப் பெரும் வருத்தம்.

இரவு சென்னையிலிருந்து வந்து சேரும் பல்லவன் விரைவு ரயில் விடியற்காலையில் திரும்பிச் செல்ல வேண்டுமானால், என்ஜினைக் கழற்றி மறுமுனையில் மாட்டியாக வேண்டும். அதற்காக, பெட்டிகளை இணைத்துப் பிரிக்கும் ஊழியரான பாயிண்ட்ஸ்மேன் டார்ச் விளக்கோடு ஜல்லியில் இறங்கி, என்ஜினுக்கும் பெட்டிக்கும் நடுவே குனிந்து நுழைந்து, பிரேக் குழாய்களைக் கையால் இணைத்து, அவற்றின் வால்வுகளைத் திறந்துவிட்டு வெளியே வருகிறார். எல்.எச்.பி. எனப்படும் நவீன வகைப் பெட்டிகளின் தானியங்கி கப்ளிங் (இணைப்புக் கருவி) வந்தபின், கனமான திருகுக் கொக்கியைத் தூக்கி மாட்டும் சிரமம் தீர்ந்தது. கழற்றும் பிடியையும் பக்கவாட்டில் நின்றே இயக்கலாம். உண்மையிலேயே நல்ல மாற்றம் அது. குழாய்களை இணைக்க மட்டும் இன்றும் நடுவே போகத்தான் வேண்டியிருக்கிறது.

2024 நவம்பரில் பீகாரின் பரௌனி சந்திப்பில், ஷண்டிங்கின்போது (என்ஜினையோ பெட்டிகளையோ நகர்த்திச் சேர்க்கும், பிரிக்கும் வேலையின்போது) என்ஜினுக்கும் பெட்டிக்கும் இடையே நசுங்கி ஒரு தொழிலாளி உயிரிழந்தார். அதே ஆண்டு பிப்ரவரியில், ஹேண்ட் பிரேக் சரியாகப் போடப்படாத சரக்கு ரயில் ஒன்று ஜம்மு காஷ்மீரின் கதுவாவிலிருந்து ஓட்டுநர் இல்லாமலே சுமார் 70 கி.மீ. ஓடியது. இரண்டும் கணினித் திரைக்கு எட்டாத, மனிதரின் கையையும் கண்ணையும் நம்பி நடக்கும் வேலையில் நேர்ந்தவை. தடத்தையும் சிக்னலையும் கையால் இழுத்து மாற்றிய நெம்புகோல் கேபின்கள் போய், அதைக் கணினி வழியே செய்யும் மின்னணு இன்டர்லாக்கிங் வந்துவிட்டதே, இனி யார்டில் ஆள் எதற்கு என்று கணக்குப் போடுவோர் இதை எண்ணிப் பார்க்க வேண்டும்.

ஆகவே, யார்டின் இரு முனைகளிலும் நிழல் விழாத வெளிச்சம், தடங்களுக்கு இடையே கால் இடறாத நடைபாதை, ஷண்டிங் குழுவில் ஒவ்வொருவருக்கும் வாக்கிடாக்கி, இரவுப் பணி முடிந்ததும் முழு ஓய்வு ஆகியவற்றையும் மேம்பாட்டுத் திட்டத்திலேயே சேர்க்குமாறு ரயில்வே நிர்வாகத்தை உங்கள் இதழ் வாயிலாகக் கேட்டுக்கொள்கிறேன். திருச்சி – மானாமதுரை பாதை மின்மயமாகிவிட்டதால், தனி என்ஜின் இல்லாமல் இருபுறமும் ஓட்டுநர் அறை கொண்ட மெமு மின்சார ரயில்களைக் காரைக்குடிக்குக் கூடுதலாக இயக்கினால், என்ஜின் மாற்றும் வேலையே வெகுவாகக் குறையும். அதையும் பரிசீலிக்க வேண்டும்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
காரைக்குடி.