நீ பாக்கச் சொன்ன படம்

பாப்பாவுக்கு,

ஷாந்தால் அக்கர்மான்னு அந்த பெல்ஜியம் பொண்ணு டைரக்ட் பண்ண படம், 'நியூஸ் ஃப்ரம் ஹோம்', ஒருவழியா பாத்து முடிச்சேன். பொய் சொல்ல மாட்டேன், நடுவுல ரெண்டு தடவ கண்ணசந்துட்டேன். அப்பா பத்தே நிமிஷத்துல "என்ன இவன் ரோட்டையே காட்டிக்கிட்டு இருக்கான்"னு எழுந்து போயிட்டார், அவன் இல்ல, அவள்னு சொன்னேன், காதுல விழல.

எனக்கும் முதல்ல எரிச்சல்தான். நியூயார்க்ல காலித் தெரு ஒண்ணு, கேமரா அசையாம நிக்குது, கார் வருது போவுது. ஆனா பிரஸ்ஸல்ஸ்ல இருந்து அவ அம்மா போட்ட லெட்டர அவளே படபடன்னு ரேஷன் கடை லிஸ்ட் மாதிரி வாசிக்க ஆரம்பிச்சதும் நிமிந்து உக்காந்துட்டேன். ஏன் லெட்டர் போடல, உடம்பு எப்படி இருக்கு, பணம் வந்துச்சா. நான் உனக்கு வாட்ஸ்அப்ல அனுப்புற வாய்ஸ் மெசேஜ் பூராவும் 50 வருஷம் முன்னாடியே ஒருத்தி எழுதி வெச்சிருக்கா!

அப்புறம் சப்வே ரயில் வந்து அந்தக் குரல அப்படியே முழுங்கிருது பாரு, அங்கதான் சுருக்குனு இருந்துச்சு. நீயும் ஸ்டேஷன்ல நின்னுக்கிட்டு "ம்மா கேக்கல, அப்புறம் பேசுறேன்"னு கட் பண்ணுவியே.

பொண்ணு போட்ட பதில் படத்துல ஒரு வரி கூட இல்ல. அந்தப் படமே பதில்தான்னு நீ சொன்ன. இருக்கலாம். ஆனா அவ நியூயார்க்குக்கு முதல்ல போனது 71ல, 21 வயசுல, திரும்பிப் போயி இந்தத் தெருவெல்லாம் எடுத்தது 76ல. அஞ்சு வருஷம் கழிச்சு வர்ற பதில் எந்த அம்மாவுக்குடி வேணும்? அந்த அம்மா ஹிட்லர் ஆளுங்களோட ஆஷ்விட்ஸ் முகாம்ல இருந்து உயிரோட வந்தவன்னு அப்புறம்தான் படிச்சேன். ரெண்டு வாரம் லெட்டர் வரலன்னா அவ மனசு எங்கெல்லாம் போயிருக்கும்.

கடைசி ஷாட்டு படகுல இருந்து எடுத்தது, பத்து நிமிஷம் இருக்கும், ஊரு தள்ளித் தள்ளிப் போயி அந்த ரெட்டை டவரு மூட்டத்துல மங்கிப் போவுது. அதுல மட்டும் எனக்குத் தூக்கம் வரல.

நேத்து காலைல நானும் போன சக்கர டப்பா மேல சாச்சு வெச்சு வாசல பத்து நிமிஷம் வீடியோ எடுத்தேன். ஒண்ணுமே நடக்கல. எதிர்வீட்டு ஆயா கோலம் போட்டுட்டு இடுப்பப் புடிச்சுக்கிட்டு நின்னாங்க, பால்காரர் வண்டிய ஆஃப் பண்ணாமலே பாக்கெட்ட பைக்குள்ள போட்டுட்டுப் போனாரு, ஒரு நாய் கோலத்து மேலயே நடந்து நாலு புள்ளிய அழிச்சுடுச்சு. திரும்பப் போட்டுப் பாத்தப்பதான் கவனிச்சேன், நீ சைக்கிள் கொண்டுபோயி மோதுன இடத்துல கேட்டுல பெயிண்ட் உரிஞ்சு அந்தப் பழைய பச்சை தெரியுது. தினமும் அதத் தொட்டுத்தான் திறக்கிறேன், ஒரு நாளும் கண்ணுல படல.

ஃபைல் பெருசாம், போக மாட்டேங்குது. அண்ணன் வந்தா அனுப்பச் சொல்றேன். நீயும் அந்த மாதிரி ஒண்ணு அனுப்பு. பனி கொட்டுறது, ரெஸ்டாரண்ட் தட்டு எல்லாம் போதும். உன் ஜன்னல், பஸ் ஸ்டாப், துணி காயப்போடுற இடம். பேசவே வேணாம், போன வெச்சுட்டு நீ பாட்டுக்கு உன் வேலையப் பாரு.

பருப்புப்பொடி பார்சல் போட்டு பதினோரு நாள் ஆச்சு. வந்துச்சா இல்லையா, அத முதல்ல சொல்லு.

அம்மா