எமது இசை வாசிப்பு வட்டத்தின் ஆண்டறிக்கை

பெருமதிப்புக்குரிய தலைவர் அவர்களே, போஷகர் ஐயா அவர்களே, நிருவாக சபையினரே, அங்கத்தவர்களே, அனைவருக்கும் வணக்கம்.

யாப்பின்படி ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் செயலாளர் அறிக்கை சமர்ப்பிக்க வேண்டும். சென்ற கூட்டத்தின் அறிக்கை ஏற்றுக்கொள்ளப்பட்டுவிட்டதால் நேரே இவ்வாண்டு வேலைகளுக்கு வருகிறேன்.

மாதாந்தக் கூட்டங்கள் வழமைபோல் போயா (பௌர்ணமி) தினங்களில் மாலையில் நடைபெற்றன. மார்கழி மழையில் ஒரு கூட்டம் கைவிடப்பட்டது. சரஸ்வதி பூசை சிறப்பாக நடந்தது. மறைந்த அங்கத்தவர்களுக்கு அஞ்சலி செலுத்தினோம். நாகூர் ஹனிபாவின் வாழ்வும் பாட்டும் பற்றிக் காத்தான்குடி அன்பர் ஒருவர் வந்து பேசினார். அன்று மண்டபம் நிறைந்திருந்தது. ஆடி மாதம் கல்லடி உப்போடையில் விபுலாநந்த அடிகளின் சமாதிக்கு மலர் சாத்தினோம்.

இனி வாசிப்பு. இசைக்கலைஞர் வரலாறுகளை வாசிப்பதுதான் இந்த வட்டத்தின் வேலை. இவ்வாண்டு நான் ஒரு புதிய முறையை முன்வைத்தேன்: ஒரு கலைஞரை எடுத்தால் அவரைப் பற்றி இரண்டு நூல்களையாவது பார்ப்பது. இது வீண் சுமை என்று சிலர் முறைப்பட்டார்கள். மாதம் ஒரு நூல் வாசிக்கவே நேரமில்லை, இரண்டாவது எதற்கு என்று கேட்டார்கள். அந்தக் கேள்விக்கு இந்த அறிக்கையிலேயே பதில் சொல்லி வைப்பது நல்லது.

பீத்தோவனை எடுத்துக்கொள்வோம். காது கேளாமல் போன பிறகு வந்தவர்கள் அவரிடம் சொல்ல வேண்டியதைக் கொப்பிகளில் எழுதிக் காட்டினார்கள். அந்தக் கொப்பிகள் அவர் 1827இல் இறந்த பிறகு ஷிண்ட்லர் என்பவர் கைக்குப் போயின. பீத்தோவனுக்குச் செயலாளர்போல இருந்தவர் அவர். 1840இல் பீத்தோவன் வரலாற்றை நூலாகவும் எழுதினார். கூட இருந்தவர் எழுதியது என்பதால் நூறு வருடத்துக்கு மேல் பலரும் அதை நம்பினார்கள். ஆனால் அந்தக் கொப்பிகளில் பல இடங்களில், பீத்தோவன் இறந்த பிறகு, தான் அவரோடு பேசியதுபோல ஷிண்ட்லரே எழுதிச் சேர்த்திருக்கிறார் என்பதை 1970களில் ஆய்வாளர்கள் கண்டுபிடித்தார்கள். தேயர் என்ற அமெரிக்கர் இதற்கு நேர்மாறானவர். பீத்தோவன் பற்றி அச்சில் வந்த கதைகள் ஒன்றோடொன்று முரண்படுவதைக் கண்டு, ஐரோப்பாவுக்கே போய்ப் பதிவேடுகளைத் தேடி, பீத்தோவனைத் தெரிந்தவர்களில் உயிரோடிருந்தவர்களை நேரில் விசாரித்து எழுதினார். முதற்பாகம் 1866இல் ஜெர்மன் மொழியில் வந்தது. முழுவதையும் முடிக்காமலே 1897இல் காலமானார். ஷிண்ட்லரை மட்டும் வாசித்திருந்தால் எங்களுக்குக் கிடைத்திருப்பது ஷிண்ட்லருக்குப் பிடித்த பீத்தோவன்தான்.

அமெரிக்க ஜாஸ் கலைஞர் லூயி ஆம்ஸ்ட்ரோங் கதையும் அப்படித்தான். 1900 ஜூலை 4 தன் பிறந்தநாள் என்று வாழ்நாள் முழுக்கச் சொல்லி வந்தார். அவர் இறந்தது 1971இல். அதற்குப் பல வருடம் கழித்து நியூ ஓர்லியன்ஸ் தேவாலயத்தின் ஞானஸ்நானப் பதிவேட்டைப் பார்த்தபோது 1901 ஓகஸ்ட் 4 என்றிருந்தது. அவர் பொய் சொன்னார் என்று யாரும் சொல்லவில்லை. தனக்குத் தெரிந்ததைச் சொன்னார், அவ்வளவுதான். கலைஞர் தம் வாயால் சொல்வதையும் ஏட்டில் இருப்பதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும் என்று நான் திரும்பத் திரும்பச் சொல்வது இதனால்தான்.

எம்.எஸ். சுப்புலட்சுமி பற்றி டி.ஜே.எஸ். ஜோர்ஜ் 2004இல் எழுதிய ஆங்கில நூலை வாசித்தபோது வட்டம் இரண்டாகப் பிரிந்தது. அவரது இளமைக்காலத் தனிவாழ்வை அந்த நூல் மறைக்காமல் பேசுகிறது. பாட்டைக் கேட்டால் போதும், இதெல்லாம் எங்களுக்கு எதற்கு என்று மூத்த அங்கத்தவர் சிலர் எழுந்தே போனார்கள். ஓய்வுபெற்ற சங்கீத ஆசிரியை ஒருவர் மாத்திரம், அந்தக் காலத்தில் ஒரு பெண் மேடைக்கு வர எத்தனை பேரைத் தாண்ட வேண்டியிருந்தது என்று தெரியாமல் அந்தப் பாட்டை எப்படி முழுதாகக் கேட்பது என்றார். என் எண்ணமும் அதுதான். அன்று எழுந்து போனவர்களில் சிலர் இன்னும் திரும்பி வரவில்லை. அவர்கள் வர வேண்டும். அந்தச் சண்டையை முடிக்காமல் விட்டது வட்டத்துக்கு நல்லதல்ல.

இவ்வாண்டு எங்களுக்கு அதிகம் தந்தவர் உ.வே. சாமிநாதையர். பழைய ஏடுகளைத் தேடிப் பதிப்பித்தவர் என்றே அவரை நாங்கள் பாடசாலையில் படித்தோம். அவர் கனம் கிருஷ்ணையர், கோபாலகிருஷ்ண பாரதியார், மகா வைத்தியநாதையர் ஆகிய மூன்று இசைவாணர்களின் வரலாற்றை எழுதினார் என்பது இங்கே பலருக்குப் புதிய செய்தியாக இருந்தது. 1936இல், எண்பது வயதைத் தாண்டிய பிறகு அச்சுக்குக் கொடுத்தார். கனம் கிருஷ்ணையர் அவரது தகப்பனாரின் சங்கீத குரு. கோபாலகிருஷ்ண பாரதியாரிடம் அவரே மாயூரத்தில் சில காலம் இசை படித்தார். அவரது தமிழாசிரியர் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளைக்கு அது பிடிக்காததால் நிறுத்திக்கொண்டார். நந்தனார் சரித்திரக் கீர்த்தனைக்குச் சிறப்புப்பாயிரம் கேட்டுப் பாரதியார் பலமுறை வந்தும், இலக்கணப் பிழை இருக்கிறதென்று கொடுக்காதிருந்த அந்த மகாவித்துவான், ஒருநாள் பாரதியார் பாடக் கேட்டுக் கண்ணீர் விட்டுப் பாயிரம் கொடுத்த கதையும் அந்த நூலில்தான் இருக்கிறது. இதையெல்லாம் அவர் எந்த ஏட்டிலிருந்தும் எடுக்கவில்லை. வீட்டில் கேட்டது, கண்ணால் பார்த்தது, வயதானவர்களிடம் விசாரித்தது. அவர் எழுதி வைக்காவிட்டால் அந்த மூன்று பேரின் பாட்டு மிஞ்சியிருக்கும், ஆட்கள் மிஞ்சியிருக்க மாட்டார்கள்.

அதை வாசித்து முடித்த மாலைதான் கேட்டேன்: தஞ்சாவூருக்கு ஒருவர் இருந்தார், மட்டக்களப்புக்கு யார் இருக்கிறார்கள்? காரைதீவில் பிறந்த விபுலாநந்த அடிகள் சிலப்பதிகார அரங்கேற்று காதையைப் பிடித்துக்கொண்டு, விஞ்ஞானம் படித்த மூளையோடு கணக்குப் போட்டுப் பழந்தமிழ் யாழை மீட்டுத் தந்தார். அந்த ஆய்வான யாழ் நூல் 1947 ஜூன் மாதம் திருக்கொள்ளம்பூதூரில் அரங்கேறியது. ஜூலை 19இல் அடிகள் மறைந்தார். அவருடைய வாழ்வை எழுதப் பலர் இருக்கிறார்கள். பேராசிரியர் வித்தியானந்தன் பேராதனையில் கர்ணன் போர் முதல் இராவணேசன் வரை எங்கள் கூத்தை மேடையேற்றியதும், பேராசிரியர் மௌனகுரு எங்கள் மரபுவழி நாடகங்களை ஆராய்ந்து எழுதியதும் பதிவில் உண்டு. ஆனால் ஊரூராகப் போய் மாதக்கணக்கில் வடமோடி, தென்மோடி என்ற இருவகைக் கூத்தையும் பழக்கிய ஆசான்களான அண்ணாவிமாரில் எத்தனை பேருக்கு வாழ்க்கை வரலாறு என்று இரண்டு பக்கமாவது இருக்கிறது? மத்தளத்தைத் தோளில் போட்டுக்கொண்டு ஆற்றைக் கடந்து போன மனிதர்கள் அவர்கள். சட்டம் கொடுத்த (நடிப்பவர்களுக்குப் பாத்திரம் பகிர்ந்த) நாள் முதல் அரங்கேற்றம் வரை ஒரு ஊரையே கட்டி ஆண்டவர்கள்.

எனவே நிருவாக சபையின் அனுமதியோடு அண்ணாவிமாரின் வாழ்க்கைக் குறிப்புகளைத் திரட்டும் வேலையை ஆரம்பித்தோம். வாவிக்கு அந்தப் பக்கம் படுவான்கரைக் கிராமங்களுக்கும், தெற்கே அம்பாறை மாவட்டத்துக் கிராமங்கள் சிலவற்றுக்கும் போனோம். "போனோம்" என்று எழுதினாலும் பெரும்பாலும் நானும் ஒரு இளம் அங்கத்தவரும் அவருடைய மோட்டார் சைக்கிளும்தான். யாரிடம் பழகினார், எந்த ஊர் முதலில் அழைத்தது, என்ன கொடுத்தார்கள், பிற்பாட்டுக்கு யார் நின்றார்கள் என்று கேட்டு எழுதினோம். ஒரு பெரியவர் தான் பிறந்த வருடத்தைப் பெருவெள்ளத்தை வைத்துச் சொன்னார். 1957இன் வெள்ளம் என்று நாங்கள் கணக்கிட்டுக்கொண்டோம், ஆனாலும் அவர் சொன்ன சொல்லையே முதலில் எழுதினோம். இன்னொருவர் வீட்டில் தகப்பனாரின் கூத்துக் கொப்பிகள் 1978 நவம்பர் சூறாவளியில் கூரையோடு போயிருந்தன. அவருக்குப் பாட்டெல்லாம் மனப்பாடம். பாத்திரம் களரிக்கு வரும்போது பாடும் வரவுப் பாட்டைத் தொடங்கினால் நடுவில் நிறுத்தத் தெரியாது. மத்தளக்காரர் பேரைக் கேட்டால் மட்டும் யோசிப்பார்.

ஓரிடத்தில் மகன் என்னைத் தனியே கூப்பிட்டு, "ஐயா, அப்பா குடிச்சதை மட்டும் எழுதிப்போடாதீங்க" என்றார். எம்.எஸ். நூல் பற்றிய விவாதம் அப்போது ஞாபகம் வந்தது. குடும்பம் சம்மதிக்கும்வரை அச்சில் வராது, கொப்பியில் மாத்திரம் இருக்கும் என்று சொல்லி எழுதிக்கொண்டேன். இது சரியா என்று சபை தீர்மானிக்கட்டும். என் மனதுக்கு இது சரி. ஷிண்ட்லர் வேலையை நாங்கள் செய்யக் கூடாது. அதற்காக உயிரோடிருக்கும் பிள்ளைகளைத் தெருவில் நிறுத்தவும் கூடாது.

குரல்பதிவுக் கருவி வாங்கியது பற்றி ஆட்சேபம் எழுந்தது. கைத்தொலைபேசி இருக்க இது எதற்கு என்று கேட்டார்கள். தொலைபேசியில் பதிந்த முதல் உரையாடல் நடுவில் அழைப்பு வந்து அறுந்துபோனது. எண்பது வயதுக்காரரிடம் மறுபடி அதே உற்சாகத்தோடு சொல்லுங்கள் என்று கேட்க முடியாது. கருவி வட்டத்தின் சொத்து, என்னுடையதல்ல. இருப்புப் பதிவேட்டில் பதியப்பட்டிருக்கிறது.

சரி, வருத்தமான விடயங்களுக்கு வருகிறேன். அங்கத்தவர் பட்டியலில் இருப்பவர்களில் பாதிப்பேரைக்கூடக் கூட்டத்தில் காண முடிவதில்லை. ஹனிபா கூட்டத்துக்கு வந்தவர்கள் அடுத்த மாதம் எங்கே போனார்கள்? வட்ஸ்அப் குழுவில் கைகூப்பும் படம் போடுவது வருகையாகாது. முன்பதிவு செய்த மண்டபத்தைக் கடைசி நேரத்தில் மறுத்தபோது நாற்காலி தூக்க வந்தவர்களை ஒரு கை விரல்களில் எண்ணலாம். சந்தா நிலுவை இரண்டு வருடத்தைத் தாண்டியவர்கள் இருக்கிறார்கள். பெயர் வாசிக்கச் சொல்லி பொருளாளர் கேட்டார், நான் மறுத்துவிட்டேன். அவர்களில் பலர் இந்த வட்டத்தைத் தொடங்கியவர்கள்.

இரவல் போன நூல்களும் திரும்பவில்லை. உ.வே.சா.வின் இசைவாணர் நூல்களில் எங்களிடம் இருந்தது ஒரு பிரதிதான். அதைக் கொண்டுபோனவர் வாசித்துக்கொண்டிருக்கிறேன் என்கிறார், பல மாதமாக. நல்ல காலம், அதற்கு முன்பே போட்டோ கொப்பி எடுத்து வைத்திருந்தோம்.

கணக்கைப் பொருளாளர் விரிவாகச் சமர்ப்பிப்பார். சுருக்கமாகச் சொன்னால், சந்தா வரவு முந்திய ஆண்டைவிடக் குறைவு, அன்பளிப்பு கொஞ்சம் கூட. செலவில் பெரும்பகுதி நூல், போட்டோ கொப்பி, கருவி, கூட்டச் சிற்றுண்டி ஆகியவற்றுக்குப் போனது. கிராமங்களுக்குப் போன பெற்றோல் செலவு வட்டத்தின் கணக்கில் சேர்க்கப்படவில்லை. சிறிய மீதி வங்கியில் இருக்கிறது. கணக்காய்வாளர் பார்த்துக் கையொப்பமிட்டிருக்கிறார்.

தலைவருக்கும் போஷகருக்கும், இடம் தந்து உதவியவர்களுக்கும், ஆங்கில நூல்களைத் தமிழில் விளக்கிச் சொன்ன ஆசிரியருக்கும், வெளிநாட்டிலிருந்து நூல் அனுப்பிய அங்கத்தவர்களின் பிள்ளைகளுக்கும், தேநீர் தயாரித்த சகோதரிகளுக்கும் நன்றி. பேச வீட்டு முற்றத்தில் கதிரை போட்டு, சாப்பாடும் தந்து அனுப்பிய அண்ணாவிமார் குடும்பங்களுக்குத் தனியாக நன்றி.

அடுத்த ஆண்டு ஆபிரகாம் பண்டிதரையும் அவரது 1917ஆம் ஆண்டு இசை ஆராய்ச்சி நூலான கருணாமிர்த சாகரத்தையும் எடுத்து, யாழ் நூலோடு வைத்து வாசிக்க உத்தேசம். அண்ணாவிமார் குறிப்புகளைச் சிறு நூலாக்கவும் எண்ணம் உண்டு. அச்சகத்தில் விலை கேட்டிருக்கிறோம். இப்போதைய இருப்பில் அது முடியாது. நிலுவை முழுவதும் வந்தால் ஓரளவு முடியும் என்று பொருளாளர் கணக்குப் பார்த்துச் சொல்கிறார். குறிப்பில் உள்ளவர்களில் ஒருவர் சென்ற மாதம் காலமானார். அவருடைய பகுதி அரைவாசியில் நிற்கிறது. மிகுதியைச் சொல்லக்கூடியவர் அவருக்குச் சல்லரி (தாளம்) போட்டவர், அவருக்கும் வயது போய்விட்டது. தை மாதத்துக்குள் அவரிடம் போயாக வேண்டும்.

செயலாளர் பதவியை வேறொருவர் ஏற்க முன்வந்தால் நான் மகிழ்ச்சியோடு கையளிப்பேன். கொப்பிகளையும் பதிவுகளையும் அவர் தொடர்ந்து நடத்துவேன் என்று சொன்னால் போதும். அப்படி யாரும் இல்லையென்றால் இன்னுமொரு வருடம் நானே இருக்கிறேன், ஆனால் கிராமங்களுக்குப் போக இன்னும் இரண்டு பேராவது கூட வர வேண்டும்.

பற்றுச்சீட்டுப் புத்தகம் வாசல் மேசையில் இருக்கிறது. தேநீருக்கு முன்பே பொருளாளர் அங்கே இருப்பார். இரவல் நூல் கொண்டுவந்தவர்கள் அதே மேசையில் கொடுக்கலாம்.

செயலாளர்