செயலாளரின் ஆண்டறிக்கை 2024/2025

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, போஷகர்களே, அங்கத்தவர்களே,

இலங்கை மலையகத்தின் ஹட்டனில் இயங்கும் எமது கலை இரசனை மன்றத்தின் கடந்த ஆண்டுச் செயற்பாடுகளை இப்பொதுக்கூட்டத்தின் முன் சமர்ப்பிக்கின்றேன். 2024 நவம்பர் 9 அன்று தமிழ்த் திரையின் குணச்சித்திர நடிகர் டெல்லி கணேஷ் தமது எண்பதாவது வயதில் காலமானதையடுத்து, அஞ்சலிக் கூட்டம் ஒன்றுடன் நின்றுவிடாமல் ஆண்டு முழுவதும் அவரது நடிப்பையே பார்த்துப் பேசுவதென நிர்வாக சபை தீர்மானித்தது. கதாநாயகர்களுக்குக் கட்அவுட் வைத்துப் பழகிய நமக்கு இது புதிது என்பதால், தொடக்கத்தில் சிலர் முணுமுணுத்ததையும் பதிவு செய்ய வேண்டும்.

வல்லநாட்டில் பிறந்து, 1964 முதல் பத்தாண்டுகள் இந்திய விமானப்படையில் பணியாற்றிய அவர், டெல்லியில் தட்சிண பாரத நாடக சபையின் மேடையில் நடித்துத் தேர்ந்தவர். விசுவின் நாடகத்தைத் தழுவி கே. பாலசந்தர் 1977இல் இயக்கிய 'பட்டினப்பிரவேசம்' மூலம் திரைக்கு வந்து, நானூறுக்கும் மேற்பட்ட படங்களிலும் பல தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்தார். 'பசி'யில் ரிக்‌ஷா இழுக்கும் ஏழைத் தந்தையாகவும், 'அபூர்வ சகோதரர்கள்' படத்தில் ஈவிரக்கமற்ற வில்லன்களுள் ஒருவராகவும், 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் பாலக்காட்டுத் தமிழ் பேசும் சமையற்காரராகவும் வந்தவர் ஒரே மனிதர்தானா என்று நமது இளைய அங்கத்தவர்கள் கேட்டார்கள்.

மிகுந்த பயன் தந்தது 'சிந்து பைரவி' (1985) திரையிடப்பட்ட மாலையாகும். மது அருந்திவிட்டுக் கச்சேரிக்கு வந்த மிருதங்க வித்துவானை (டெல்லி கணேஷ்) பாடகர் மேடையிலிருந்து எழுப்பி அனுப்பும் கட்டம் வந்தபோது தகரக் கூரையில் மழை கொட்டியதால் வசனம் ஒன்றுமே கேட்கவில்லை. எனினும், அவமானத்தை விழுங்கிக்கொண்டு வாத்தியத்தை விட்டெழும் அந்த முகத்தைப் பார்த்தே சபை அமைதியானது. மன்மதன் எரிந்த கதையைத் தோட்டங்களில் ஆடும் காமன் கூத்தில் பல வருடங்களாக ரதி வேடம் கட்டிவரும் எமது மூத்த அங்கத்தவர் ஒருவர், மன்மதன் எரிந்த பின் ரதி புலம்பும்போது பக்கத்தில் நிற்பவன் சும்மா நின்றால் கூத்தே படுத்துவிடும் என்றும், அந்தப் பக்கத்தில் நிற்பவனின் வேலையைத்தான் இவர் வாழ்நாள் முழுவதும் செய்தார் என்றும் கூறினார். இவ்வாண்டு கேட்ட பேச்சுகளிலெல்லாம் விஷயம் நிறைந்தது அதுவே என்பது எனது கருத்து.

அவரது தொலைக்காட்சிப் பணியைப் பற்றிய கலந்துரையாடல் அவ்வளவு சிறக்கவில்லை. மாலையில் தோட்டத் தொழிலாளரின் லயத்து வீடுகளில் தொடர் ஓடும்போது தேயிலைக் கொழுந்து பறித்துக் களைத்து வந்த பெண்கள்தாம் அவரை அதிகம் பார்த்தவர்கள். அவர்களை அழைக்காமல் ஆண்கள் மட்டும் கூடிப் பேசினால் வேறெப்படி இருக்கும்?

பொங்கல் விழா, நூலகம் ஆகியன வழமைபோல் நடைபெற்றன. கணக்கறிக்கையைப் பொருளாளர் சமர்ப்பிப்பார். அடுத்த ஆண்டு கூட்டங்களை ஞாயிறு பிற்பகலுக்கு மாற்றி, பெண் அங்கத்தவர் இருவரை நிர்வாக சபையில் சேர்க்க வேண்டுமென்ற பிரேரணையை இச்சபையின் அங்கீகாரத்திற்கு முன்வைக்கின்றேன்.

செயலாளர்